காவிரிப் படுகையில் இஸ்லாம்: தலைமடையும் கடைமடையும்

ஒரு நாட்டில் ஒரு மார்க்கம் வேரூன்றிய வரலாற்றை எழுதப் புகுவோர் பெரும்பாலும் அந்நாட்டின் அரியணையையே முதலில் நோக்குகின்றனர். அரசன் எப்போது கலிமா மொழிந்தான், எந்தப் படை எந்தக் கணவாய் வழியே இறங்கியது, எந்த வமிசம் எத்தனை ஆண்டு ஆண்டது என்பனவே அவர்தம் வினாக்கள். சில நாடுகளுக்கு இம்முறை ஓரளவு பொருந்தவும் செய்கிறது. மலைகள் சூழ்ந்த காஷ்மீரத்தில் பதினான்காம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ரிஞ்சன் என்னும் மன்னர் புல்புல் ஷாஹ் (ரஹ்) அவர்களின் வழிகாட்டலில் இஸ்லாத்தைத் தழுவினார். 1339இல் ஷாஹ் மீர் வமிசம் ஆட்சிக்கு வந்தது. அதன் பின்னரே செய்யிது அலீ ஹமதானீ (ரஹ்) போன்ற பெரியார்கள் மலைக்கணவாய்களைக் கடந்து வந்து மக்களிடையே பணியாற்றினர். அங்கு அரண்மனை முந்தியது, ஊர் பிந்தியது.

தஞ்சைத் தரணியின் வரலாறு இதற்கு நேர்மாறானது. சோழர், பாண்டியர், விசயநகரத்தார், நாயக்கர், மராட்டியர், ஆங்கிலேயர் என ஆட்சிகள் மாறின. இந்நெடிய வரிசையில், தஞ்சையைத் தலைநகராகக் கொண்டு தலைமுறை தலைமுறையாக ஆண்ட முஸ்லிம் அரச குடி ஒன்றுகூட இல்லை. ஆயினும் நாகூர் தொடங்கிப் பாபநாசம் வரை, அதிராம்பட்டினம் தொடங்கி நீடூர் வரை, ஆற்றங்கரைதோறும் பள்ளிவாசல்கள் எழுந்துள்ளன. நெல்வயல்களுக்கும் கொடிக்கால்களுக்கும் நடுவே முஸ்லிம் ஊர்கள் பல நூற்றாண்டுகளாக நிலைபெற்றிருக்கின்றன. அரியணை மாறாத ஒரு நாட்டில் இது எங்ஙனம் நிகழ்ந்தது? இக்கட்டுரையில் நாம் ஆராய முற்படுவது இவ்வினாவையே.

இவ்வினா வெறும் ஏட்டு ஆராய்ச்சிக்குரியது அன்று. இப்படுகையின் முஸ்லிம்களைப் பற்றி இரண்டு பிழையான சித்திரங்கள் உலவுகின்றன. அவர்கள் வாளோடு வந்தவர்களின் வழித்தோன்றல்கள் என்பது ஒரு சாரார் கூற்று. நம்மவருள்ளும் ஒரு சாரார் சுல்தான்களின் கொடிவழியிலும் தூய அரபுக் குருதியிலுமே தம் பெருமையைத் தேடுகின்றனர். இரண்டு சித்திரங்களும் அரண்மனையையே பார்க்கின்றன; வயலையும் துறைமுகத்தையும் வீட்டு மொழியையும் பார்ப்பதில்லை.

கடைமடை: கழிமுகத்தின் வழி

காவிரிப் பாசனத்தில் தலைமடை, கடைமடை என்னும் சொற்களை அறியாத உழவர் இலர். ஆற்றுநீர் முதலில் பாயும் நிலம் தலைமடை. கடலோரத்தை ஒட்டி இறுதியில் நீர் பெறும் நிலம் கடைமடை. நீரைப் பொறுத்தவரை கடைமடைதான் பிந்தியது. ஆனால் கடல்வழி வந்த செய்திகளுக்கு அதுவே முதல் மடை.

அரபு நாட்டிற்கும் தமிழகத்திற்கும் இடையிலான கடல் வணிகம் இஸ்லாத்தின் வருகைக்கு மிகவும் முற்பட்டது. பூம்புகாரில் கடல்வழி வந்திறங்கிய குதிரைகளைப் பட்டினப்பாலை பேசுகிறது. நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் காலத்திற்குப் பின், அதே வணிகர்கள் அதே பருவக்காற்றில், புதிய ஏகத்துவ நம்பிக்கையோடு வந்தனர். வணிகம் பழையது, வணிகர் நெஞ்சில் இருந்த ஒளி புதியது. மேலைக் கடற்கரையில் 849ஆம் ஆண்டைச் சேர்ந்த கொல்லம் செப்பேடுகளில் அஞ்சுவண்ணம் என்னும் வணிகக் குழு குறிக்கப்படுவதையும், கூஃபி எழுத்தில் முஸ்லிம் வணிகர்கள் சான்றொப்பமிட்டிருப்பதையும் காண்கிறோம்.

சோழநாட்டில் இவர்கள் ‘சோனகர்’ எனப்பட்டனர். ‘யவனர்’ என்பதன் திரிபாகிய இச்சொல், மேற்கிலிருந்து கடல் கடந்து வந்தோரைக் குறித்து, காலப்போக்கில் முஸ்லிம்களுக்கே உரியதாயிற்று. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளின் அணிகலன் பட்டியலில் ‘சோனகச் சிடுக்கு’ என்னும் நகைவேலை இடம்பெறுகிறது. சோழர் கல்வெட்டுகளில் சோனகன் சாவூர் என்னும் பெயருடையார் ஒருவரும் காணப்படுகிறார். ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே சோனகர் தஞ்சைக்கு அந்நியராக இருக்கவில்லை என்பதற்கு இவை போதும்.

சோழர் காலத்து நாகப்பட்டினம் பல சமயத்தார் கூடிய துறைமுகம். ஸ்ரீவிசய நாட்டு அரசர் அங்கே எழுப்பிய சூடாமணி விகாரைக்கு முதலாம் இராசராசன் 1006ஆம் ஆண்டளவில் ஆனைமங்கலம் என்னும் ஊரை வழங்கினான். வேற்று நாட்டு வணிகரின் வழிபாட்டிற்கு இடமளித்தல் துறைமுகத்தின் நலனுக்கு ஏற்றது என்பதை அக்கால ஆட்சியாளர் நன்கு அறிந்திருந்தனர். முஸ்லிம் வணிகர்களுக்கும் இத்துறைகளில் இடம் கிடைத்ததற்கு இப்பின்னணியே காரணம் எனலாம்.

பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில், சோழப் பேரரசு மறைந்து பாண்டியர் ஆட்சி இப்பகுதியிலும் பரவியிருந்த காலத்தில், இத்தொடர்பு மேலும் வலுப்பெற்றது. பாரசீக வரலாற்றாசிரியர் வஸ்ஸாஃப், ஜமாலுத்தீன் என்னும் வணிகப் பெருந்தலைவர் ஆண்டுதோறும் 1,400 குதிரைகளைப் பாண்டிய நாட்டிற்கு அனுப்பி வந்ததாகவும், அவருடைய உறவினர் தகிய்யுத்தீன் பாண்டிய மன்னரின் அமைச்சராக விளங்கியதாகவும் எழுதுகிறார். இந்து மன்னர் ஒருவரின் அவையில் முஸ்லிம் அமைச்சர் வீற்றிருந்தது எந்தப் படையெடுப்பின் விளைவும் அன்று. மாலிக் காபூரின் படை தெற்கே வந்தது 1311இல்தான்.

தலைமடை: ஆற்றின் வழி

கடலிலிருந்து மேற்கே சென்று, காவிரியும் கொள்ளிடமும் பிரியும் திருச்சிராப்பள்ளியை அடைவோம். படுகையின் தலைவாயிலாகிய இந்நகரில், கோட்டை ரயில் நிலையத்தின் அருகே சிறிய கற்பள்ளி ஒன்று உள்ளது. அதன் அரபுக் கல்வெட்டின் ஆண்டு ஹிஜ்ரி 116, அதாவது கி.பி. 734 என வாசிக்கப்பட்டுள்ளது. அருகிலுள்ள உறையூரோ சோழரின் பழந்தலைநகர். கடற்கரையில் மட்டுமன்றி உள்நாட்டு ஆற்றங்கரை நகரிலும் முஸ்லிம் குடியிருப்பு தொடக்கத்திலேயே தோன்றியது என்பதை இச்சான்று சுட்டுகிறது.

இந்நகரிலேயே நத்ஹர் வலீ (ரஹ்) அவர்களின் அடக்கத்தலமும் உள்ளது. பதினோராம் நூற்றாண்டில் மேற்கே தொலைதூர நாட்டிலிருந்து கலந்தர்கள் குழுவுடன் அவர்கள் இங்கு வந்ததாக மரபு கூறுகிறது. அவர்களின் சீடர் எனப் போற்றப்படும் பாபா ஃபக்ருத்தீன் (ரஹ்) ஆந்திர நாட்டுப் பெனுகொண்டாவில் அடங்கியுள்ளார்கள். இவ்வாறு காவிரிக்கரை, தன் எல்லைக்கு அப்பாலும் மார்க்கப் பணி கிளைவிடும் மையமாயிற்று.

உள்நாட்டு முஸ்லிம்களுள் பெருந்தொகையினர் இராவுத்தர்கள். குதிரை வீரனைக் குறிக்கும் ‘ராவுத்’ என்னும் சொல்லே இப்பெயருக்கு மூலம். குதிரை வணிகமும் குதிரைப்படைச் சேவகமும் இவர்களின் முன்னோர் தொழிலாக இருந்தமை இதனால் விளங்கும். அருணகிரிநாதர் மயிலேறும் முருகனையே இராவுத்தன் என விளிக்கிறார். ஒரு சமயத்தாரின் தொழிற்பெயர் மற்றொரு சமயத்தாரின் தெய்வத்திற்கு அன்புப் பெயராகும் அளவிற்கு, அச்சொல் தமிழ்நாட்டில் மதிப்புப் பெற்றிருந்தது.

கடல்வழியும் நிலவழியுமாக வந்த இவ்விரு ஓட்டங்களின் சுவடுகளை இன்றும் அன்றாட வாழ்விலேயே காணலாம். நாகூர், காரைக்கால், அதிராம்பட்டினம், பரங்கிப்பேட்டை முதலிய கடலோர ஊர்களின் மரைக்காயர்கள் பெரும்பாலும் ஷாஃபிஈ மத்ஹபைப் பின்பற்றுவோர். யமன், மலபார், இலங்கை, மாலத்தீவு, மலாய்த் தீவுகள் என அரபுக் கப்பல்கள் தொட்ட கரைகளெங்கும் நிலவுவது இதே மத்ஹபு. கூத்தாநல்லூர், பாபநாசம் வட்டாரம் போன்ற உள்நாட்டு ஊர்களில் பெரும்பாலும் ஹனஃபீ மத்ஹபு வழங்குகிறது. துருக்கியர், மத்திய ஆசியர், வட இந்தியர் வழியே நிலத்தில் பரவியது அது. கடலோரப் பிள்ளை தந்தையை ‘வாப்பா’ என்கிறது. உள்நாட்டு இராவுத்தர் வீட்டுப் பிள்ளை ‘அத்தா’ என்கிறது. வைகறைத் தொழுகையில் குனூத் ஓதும் ஊருக்கும் ஓதாத ஊருக்கும் இடையே சில காத தூரமே இருக்கலாம். அத்தூரத்திற்குள் அரபிக் கடலின் வரலாறும் ஆசியப் பெருநிலத்தின் வரலாறும் அடங்கியிருக்கின்றன.

வாளின் வரலாறும் அதன் எல்லையும்

படையெடுப்புகள் நிகழவே இல்லை என நாம் கூற வரவில்லை, அவை நிகழ்ந்தன. 1311இல் மாலிக் காபூரின் படை பெருஞ்செல்வத்தை அள்ளிச் சென்றது. 1330களில் மதுரையில் தோன்றிய மஅபர் சுல்தானகம் அரை நூற்றாண்டும் நிலைக்காமல் விசயநகரத்தாரிடம் வீழ்ந்தது. அச்சுல்தான்களுள் ஒருவரான கியாஸுத்தீன் தாமகானி போர்க் கைதிகளிடமும் பெண்கள், குழந்தைகளிடமும் காட்டிய கொடுமையை, அவருடன் உறவுமுறை கொண்டிருந்த உலகப் பயணி இப்னு பதூதாவே கண்டித்து எழுதியிருக்கிறார். முஸ்லிம் மன்னர் ஒருவரின் அநீதியை முஸ்லிம் அறிஞர் ஒருவர் மறைக்காமல் பதிவு செய்த இந்நேர்மை நமக்குப் படிப்பினை. மார்க்கத்தில் வற்புறுத்தலுக்கு இடமில்லை என்னும் குர்ஆனிய நெறியை அளவுகோலாகக் கொள்பவர், அரசர்களின் செயலுக்கெல்லாம் வக்காலத்து வாங்க வேண்டிய தேவை இல்லை.

பதினெட்டாம் நூற்றாண்டில் ஆர்க்காட்டு அரசியல் தஞ்சையை அலைக்கழித்தது. 1749இல் சந்தா சாகிபு பிரெஞ்சுப் படையின் துணையோடு தஞ்சையை முற்றுகையிட்டார். 1773இல் நவாபு முஹம்மது அலீ வாலாஜாவின் படை ஆங்கிலேயர் துணையுடன் தஞ்சையைக் கைப்பற்றியது. 1776இல் அது மீண்டும் மராட்டிய மன்னர் துளசாவிடம் ஒப்படைக்கப்பட்டது. இம்மூன்றாண்டு ஆட்சி வரிக்கொடுமைக்காகவே நினைவுகூரப்படுகிறது. 1781இல் ஹைதர் அலீயின் படைகள் வயல்களைப் பாழாக்கியதை ‘ஐதர் கலாபம்’ என்று மக்கள் நெடுங்காலம் பேசி வந்தனர்.

இவ்வரலாற்றில் கருதத்தக்க ஓர் உண்மை உண்டு. இப்படைகள் வந்து போயின. ஆனால் அவற்றால் படுகையில் இஸ்லாம் பரவியதற்குச் சான்று இல்லை. நாகூரும் கடலோர ஊர்களும் அவற்றிற்கு முன்பே வளர்ந்திருந்தன. கொள்ளைக்கும் வரிக்கும் ஆளான வயல்களில் முஸ்லிம் உழவர்களின் வயல்களும் அடங்கும். சந்தா சாகிபின் முற்றுகையைத் தாங்கியவர் மராட்டிய மன்னர் பிரதாப சிங் (1739–1763). 1752இல் சந்தா சாகிபு தஞ்சைத் தளபதி மானோஜியின் கையில் சிக்கிக் கொல்லப்பட்டார். அதே பிரதாப சிங்தான் நாகூர்த் தர்காவின் ஐந்து மினாராக்களுள் மிக உயர்ந்ததாகிய 131 அடிப் பெரிய மினாராவை எழுப்பியவர். முஸ்லிம் நவாபுக் குடும்பத்தார் ஒருவர் கோட்டையை முற்றுகையிட, அதைக் காத்த இந்து மன்னர் முஸ்லிம் இறைநேசர் ஒருவருக்கு மினாரா எழுப்பினார். அரசியல் பகையையும் சமயப் பகையையும் ஒன்றாகக் கருதும் வரலாற்றாசிரியருக்கு இந்நிகழ்வு விளங்காது.

நாகூர்: இரு ஓட்டங்களின் சங்கமம்

வட இந்தியாவின் மாணிக்கப்பூரில் பிறந்த ஷாஹுல் ஹமீது (ரஹ்) அவர்கள், குவாலியரில் புகழ்பெற்ற ஸூஃபி ஞானி முஹம்மது கௌஸ் (ரஹ்) அவர்களிடம் பயின்றார்கள். பின் மக்கா சென்று, மாலத்தீவு, இலங்கை, தென்பாண்டிக் கரை வழியாகத் தஞ்சை வந்து, இறுதியில் நாகூரில் தங்கினார்கள். ஹிஜ்ரி 978, அதாவது 1570ஆம் ஆண்டளவில் அங்கேயே மறைந்தார்கள். அவர்களின் பயண வழியை நோக்கினால், நாம் மேலே கண்ட நிலவழியும் கடல்வழியும் ஒரே மனிதரின் வாழ்வில் இணைந்திருப்பது புலனாகும். வடநாட்டு ஸூஃபி மரபைச் சேர்ந்த அவர்கள், கப்பலோட்டும் மரைக்காயர்களின் காவலராகப் போற்றப்பட்டார்கள்.

அவர்கள் வாழ்ந்த காலமும் கவனிக்கத்தக்கது. 1498இல் வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டை அடைந்தபின், போர்த்துகீசியர் முஸ்லிம் கப்பல்களைக் கடலில் வேட்டையாடினர். நாகப்பட்டினத்திலேயே போர்த்துகீசியக் குடியேற்றம் அமைந்தது. கடலை நம்பி வாழ்ந்த ஒரு சமுதாயம் அச்சத்தில் ஆழ்ந்திருந்த நாட்களில், அதன் கரையிலேயே ஓர் இறைநேசர் வந்து தங்கினார். நடுக்கடலில் ஓட்டை விழுந்த கப்பலைத் தம் கையிலிருந்த கண்ணாடியை வீசி அடைத்தார்கள் என்னும் மரபுக்கதை மாலுமிகளிடையே ஏன் இவ்வளவு ஆழமாகப் பதிந்தது என்பதை இப்பின்னணியில் உணரலாம்.

தஞ்சை நாயக்கர் அச்சுதப்பரின் நோயை அவர்கள் நீக்கினார்கள் என்றும், நன்றியாக அம்மன்னர் நிலம் வழங்கினார் என்றும் தர்கா மரபு உரைக்கிறது. பின்வந்த மராட்டிய மன்னர்களும் தர்காவை ஆதரித்தனர். அம்மராட்டியக் குடியின் பெயர்களிலேயே ஒரு ஸூஃபியின் நினைவு உறைந்துள்ளது. சிவாஜியின் பாட்டனார் மாலோஜி, அஹ்மது நகரின் ஷாஹ் ஷரீஃப் (ரஹ்) அவர்களின் நினைவாகத் தம் மக்களுக்கு ஷாஹாஜி, ஷரீஃப்ஜி எனப் பெயரிட்டார் என்பது மராட்டிய மரபு. தஞ்சையில் வழங்கும் ‘சரபோஜி’ அந்த ஷரீஃப்ஜியே என்பர்.

ஜமாதுல் ஆகிர் பிறையில் தொடங்கும் 14 நாள் கந்தூரி, படுகை மக்கள் அனைவருக்கும் பொதுவான விழாவாயிற்று. நாகப்பட்டினத்திலிருந்து கொடி ஊர்வலம் புறப்படும். பத்தாம் இரவில் சந்தனம் பூசப்படும். முடி இறக்கும் குழந்தைகளிலும் நேர்ச்சை செலுத்தும் பெற்றோரிலும் இந்துக்கள் பெருந்தொகையினர். தஞ்சையை அடுத்த காசவளநாடு புதூரில் இந்துக்களே முஹர்ரம் நாளைத் தம் ஊர்த் திருவிழாவாகக் கொண்டாடி வருகின்றனர்.

சொற்கள் கூறும் சான்று

கல்வெட்டுகள் அழியலாம், மரபுகள் மிகைப்படுத்தப்படலாம். மக்கள் நாவில் வழங்கும் சொற்களைப் பொய்ச்சான்றாக்குவது அரிது. வட இந்திய முஸ்லிம்கள் ‘நமாஸ்’, ‘ரோஸா’, ‘குதா’ என்னும் பாரசீகச் சொற்களை ஏற்றனர். அங்கு மார்க்கம் பாரசீக மொழி பேசிய அவைகளின் நிழலில் பரவியமையே காரணம். தமிழ் முஸ்லிமோ ‘தொழுகை’ என்றார், ‘நோன்பு’ என்றார், ‘இறைவன்’ என்றார், மஸ்ஜிதைப் ‘பள்ளிவாசல்’ என்றார். சமணரும் பௌத்தரும் தம் தவச்சாலைகளுக்கு வழங்கிய ‘பள்ளி’ என்னும் பழஞ்சொல்லே முஸ்லிம்களின் தொழுமிடத்திற்கும் உரியதாயிற்று. அரசவை மொழியின் வழியாக வந்திருந்தால் இச்சொற்கள் பிறந்திரா. அக்கம்பக்கத்து வீட்டாரிடம் அவர்தம் மொழியிலேயே எடுத்துரைத்தவர்களால்தான் இவை பிறந்திருக்க முடியும்.

எழுத்திலும் இவ்விணைவைக் காண்கிறோம். தமிழை அரபு எழுத்தில் எழுதும் அரபுத்தமிழ், கடற்கரை ஊர்களிலும் இலங்கையிலும் மார்க்கக் கல்வியின் ஊடகமாயிற்று. குறிப்பாக, ஓத மட்டும் கற்ற பெண்கள் தம் தாய்மொழியிலேயே மார்க்கச் சட்டங்களை அறிய அது வழிவகுத்தது. பதினேழாம் நூற்றாண்டில் சீறாப்புராணம் பாடிய உமறுப்புலவர் அரபு நாட்டை வருணிக்கும்போது, அங்கே மழை பொழிகிறது, ஆறு பெருகுகிறது, மருதநில வயல்கள் விளைகின்றன. பாலைநிலத்தை அவர் அறியாமல் அவ்வாறு பாடவில்லை. நபிகள் நாயகம் (ஸல்) அவர்களைத் தம் நெஞ்சிற்கு நெருக்கமாகக் காண விரும்பிய தமிழர், அவர்கள் பிறந்த மண்ணை நெல்விளையும் மண்ணாகவே கண்டார். அந்நூல் நிறைவேறப் பரங்கிப்பேட்டை அபுல் காசிம் மரைக்காயர் துணைநின்றார்.

வயலும் கப்பலும்: படுகை அடைந்த மாற்றம்

இஸ்லாம் இப்படுகையில் பரவியது என்பதோடு வரலாறு முடிந்துவிடவில்லை. அது படுகையின் வாழ்வையும் மாற்றியது. நெல் விளைவிக்கும் நாடு உள்நோக்கியே வாழும் இயல்புடையது. அதனைக் கடலோடு பிணைத்தவர்களுள் மரைக்காயர்கள் முதன்மையானோர். நாகூர், நாகப்பட்டினம் துறைகளிலிருந்து துணியும் அரிசியும் ஆச்சே, கெடா, மலாக்கா நோக்கிச் சென்றன. பாக்கும் மிளகும் ஈயமும் மீண்டு வந்தன. அத்துறைகளில் இவர்களைச் ‘சூலியர்’ என்றனர். சோழ மண்டலத்தார் என்னும் பொருளுடையது அச்சொல் என்பர். சோழ அரசு மறைந்து பல நூற்றாண்டுகளுக்குப் பின்னும் பினாங்கின் சூலியா தெருவிலும், 1826இல் நிறுவப்பட்ட சிங்கப்பூர் ஜாமிஆ சூலியா பள்ளியிலும் அப்பெயரைக் காத்து நிற்பவர்கள் தமிழ் முஸ்லிம்களே. சிங்கப்பூரில் 1828–1830இல் எழுந்த நாகூர் தர்காவும், பினாங்கிலும் இலங்கையின் கல்முனையிலும் உள்ள நினைவகங்களும் காவிரிக் கடைமடையின் நீட்சிகள்.

உள்நாட்டிலோ முஸ்லிம்கள் வேளாண்மையில் கால்பதித்தனர். வெற்றிலை பயிரிடும் ‘கொடிக்கால்காரர்’ என ஒரு பிரிவினரே பெயர் பெற்றனர். இராஜகிரி, பண்டாரவாடை, வழுத்தூர், சக்கராப்பள்ளி என ஆற்றுவழி நெடுகிலும் முஸ்லிம் ஊர்கள் உள்ளன. சக்கராப்பள்ளி தேவாரம் பெற்ற தலம். மிஸ்பாஹுல் ஹுதா அரபுக் கல்லூரியால் புகழ்பெற்ற நீடூரும் தேவாரம் பெற்ற தலமே. ஒரே ஊரின் பெயரை ஓதுவாரும் ஆலிமும் தத்தம் மரபின் பெருமையோடு உச்சரிக்கின்றனர்.

பத்தொன்பது, இருபதாம் நூற்றாண்டுகளில் பர்மா, மலாயா, சிங்கப்பூர் நாடுகளுக்குப் பொருளீட்டச் சென்றவர்களை ஊரார் ‘சபுராளி’ என்றனர். பயணத்தைக் குறிக்கும் ‘ஸஃபர்’ என்னும் அரபுச் சொல்லும் தமிழ் விகுதியும் கூடிப் பிறந்த சொல் இது. அவர்கள் ஈட்டிய பொருள் வீடாயிற்று, பள்ளிவாசலாயிற்று, கல்விக்கூடமும் ஆயிற்று. 1955இல் அதிராம்பட்டினத்தில் தொடங்கப்பட்ட காதிர் முகைதீன் கல்லூரி, கடைமடைப் பகுதியின் எல்லாச் சமூகத்தாருக்கும் உயர்கல்வி வழங்கியது. கடலோர ஊர்களில் மகளுக்கு வீடளித்து மருமகனை அவ்வீட்டிற்கு அழைக்கும் வழக்கம், நீண்ட காலம் கணவர் கடல் கடந்திருக்கும் வாழ்வில் பெண்ணுக்கு உறுதியான நிலத்தைத் தந்தது.

அறிவுத்துறையிலும் இம்மண் பின்தங்கவில்லை. நாகூர் குலாம் காதிறு நாவலர் நாகூர்ப் புராணமும் நாகூர்க் கலம்பகமும் இயற்றினார். நாச்சியார்கோவில் பா. தாவூத்ஷா ‘தாருல் இஸ்லாம்’ இதழை நடத்தி, குர்ஆனின் பொருளை மக்கள் தமிழில் அறிய வேண்டும் என அயராது வாதிட்டார். நாகூர்ச் சித்தி ஜுனைதா பேகம் 1938இல் வெளியிட்ட ‘காதலா கடமையா’ என்னும் புதினத்திற்கு உ. வே. சாமிநாதையர் அணிந்துரை வழங்கினார். கும்பகோணத்தில் பணியாற்றிய தமிழ்த் தாத்தாவும் நாகூர் முஸ்லிம் பெண்மணியும் ஒரே நூலின் பக்கங்களில் சந்தித்தது இப்படுகை வரலாற்றின் இயல்பான கனி.

நாம் எதிர்கொள்ள வேண்டிய வினாக்கள்

இவ்வரலாற்றைப் புகழுரையாக மட்டும் எழுதிவிட்டு நகர்தல் நேர்மையாகாது. ஒரே ஸஃப்பில் தோளோடு தோள் நிற்கும் சமத்துவம், சாதிப்படிநிலை இறுகியிருந்த இந்நெல்நாட்டில் பெரும் ஈர்ப்பாக இருந்திருக்க வேண்டும். ஆனால் மரைக்காயர், இராவுத்தர், லெப்பை எனத் தம்முள் பிரிவு பாராட்டி, நெடுங்காலம் ஒருவருக்கொருவர் பெண் கொடுக்கவும் எடுக்கவும் தயங்கியவர்களும் நாமே. பள்ளிக்குள் கற்ற பாடத்தைப் பள்ளிவாசலின் படிக்கட்டிலேயே விட்டுவிட்டு வந்த குறை அது.

தர்கா வழக்கங்கள் குறித்துச் சமுதாயத்தில் கருத்து வேறுபாடு உண்டு. கந்தூரிச் சடங்குகளுள் பல மார்க்கத்திற்கு ஏற்புடையன அல்ல எனச் சீர்திருத்த நோக்கினர் வாதிடுகின்றனர். இறைநேசர்களைக் கண்ணியப்படுத்தல் முன்னோர் காட்டிய நெறி என மற்றோர் கூறுகின்றனர். அவ்விவாதத்தில் தீர்ப்பளிப்பது இக்கட்டுரையின் நோக்கமன்று. ஒன்றை மட்டும் வலியுறுத்த விழைகிறோம்: ஒரு வழக்கம் ஏற்கத்தக்கதா என்பது மார்க்க வினா, அவ்வழக்கம் இம்மண்ணில் என்ன பணி ஆற்றியது என்பது வரலாற்று வினா. முன்னதற்கு ஒருவர் எவ்விடை கூறினும் பின்னதை அழித்துவிட அவருக்கு உரிமை இல்லை.

அழிவு வேறொரு வழியிலும் நிகழ்கிறது. வெளிநாட்டுப் பொருள் வந்து சேர்ந்த ஊர்களில் பழைய பள்ளிவாசல்கள் இடிக்கப்பட்டுப் புதியன எழுகின்றன. தொழுவோர் பெருகும்போது விரிவாக்கம் தேவையே. ஆனால் பழைய தூணோடும் நிலைக்கல்லோடும் அவற்றில் பொறித்த ஆண்டும் பெயரும் மண்ணுக்குள் போய்விடுகின்றன. பரணில் கிடக்கும் அரபுத்தமிழ் ஏடுகளை வாசிக்கத் தெரிந்த மூதாட்டியர் ஒவ்வொருவராக மறைந்து வருகின்றனர். மையவாடிகளில் எழுத்துப் பொறித்த மீஸான் கற்கள் படி எடுக்கப்படாமலே தேய்கின்றன. நீங்கள் எப்போது, எங்கிருந்து வந்தவர்கள் என நாளை ஒருவர் வினவும்போது எடுத்துக்காட்ட வேண்டிய சான்றுகளை நம் கையாலேயே இழந்து வருகிறோம்.

ஆகவே ஒவ்வொரு ஜமாஅத்தும் செய்யத்தக்க எளிய பணிகள் சில உள்ளன. பள்ளிவாசலைப் புதுப்பிக்குமுன் அதன் கல்வெட்டுகளைப் படியெடுத்தும் படமெடுத்தும் வைத்தல் வேண்டும். பழைய நிக்காஹ் பதிவேடுகள், வக்ஃபு ஆவணங்கள், கப்பல் கணக்குகள், அரபுத்தமிழ் ஏடுகள் ஆகியவற்றை ஓரிடத்தில் தொகுத்தல் வேண்டும். நம் அரபுக் கல்லூரி மாணவர்களுக்கு அவற்றை வாசிக்கும் பயிற்சி தரப்படல் வேண்டும். இதற்குப் பெரும்பொருள் வேண்டியதில்லை. ஊருக்கு இருவர் மனம் வைத்தால் போதும்.

தலைமடையிலிருந்து வரும் நீரும் கழிமுகத்தின் வழி ஏறிவரும் கடல்நீரும் சந்திக்கும் நாடு இது. மார்க்கமும் அவ்விரு வழிகளிலுமே வந்து, தமிழ் என்னும் ஒரே நிலத்தில் பாய்ந்தது. அதைப் பாய்ச்சியவர்கள் மன்னர்கள் அல்லர்; பெயர் தெரியாத வணிகர்களும் மாலுமிகளும் கொடிக்கால் உழவர்களும் ஓதிக்கொடுத்த பெண்களுமே. அவர்கள் விட்டுச்சென்ற சுவடுகளைப் பேணிக் காக்கும் நல்வாய்ப்பை வல்ல அல்லாஹ் நமக்கு அருள்வானாக.